பயந்தால் மறைந்துபோகும் புலி

அந்த ஊரில் துப்பறியும் அலுவலகம் நடத்திவந்தவர், பயம் வந்தால் கண்ணுக்குத் தெரியாமல் போய்விடுவார். உடுத்திய துணி, செருப்பு, மூக்குக்கண்ணாடி, கையில் பிடித்த குடை எல்லாம் அவரோடு சேர்ந்தே மறையும். குரல் மட்டும் இருந்த இடத்திலேயே இருக்கும். சின்ன வயதில் கணக்கு வாத்தியார் கரும்பலகைக்குக் கூப்பிட்டபோது முதல்முறை மறைந்தார். வாத்தியார் வருகைப் பதிவில் அவர் பெயரை அடித்துவிட்டு அடுத்த பையனைக் கூப்பிட்டார். நாய், இடி, பல் வைத்தியர், மாமனார் என்று அவர் பயப்படாதது குறைவு. அப்படிப்பட்டவருக்குத் துப்பறியும் தொழில் கையோடு ஒட்டிக்கொண்டது. திருடன் பின்னால் நாலு அடி வைத்தாலே நெஞ்சு படபடக்கும், ஆள் காணாமல் போவார், திருடன் திரும்பிப் பார்த்தால் வெறும் தெரு. இவ்வளவு கிட்டத்தில் போய் வேவு பார்க்க எத்தனை துணிச்சல் வேண்டும் என்று வியந்த ஊரார் அவருக்குப் புலி என்று பெயர் வைத்தார்கள்.

உண்மை அவர் மனைவிக்கு மட்டும் தெரியும். கல்யாணப் படத்தில் அவள் ஒரு காலி நாற்காலியின் தோளைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறாள். வீட்டுக்கு வருகிறவர்கள் மாப்பிள்ளை எங்கே என்று கேட்டால், "போட்டோ எடுத்ததே அவருதான்" என்று சொல்லிவிட்டுத் தேநீர் போடப் போய்விடுவாள். அவள் வேலை பார்த்தது ஒரு குளிர்பதனக் கிடங்கில். மலைபோல அடுக்கிய ஆப்பிள் பெட்டிகளில் அழுகினதைப் பொறுக்கித் தள்ளுவது அவள் பொறுப்பு. ஒரு வருடம் அங்கே பெட்டிகள் குறைந்துகொண்டே வந்தன. பூட்டு உடையவில்லை, சுவரில் ஓட்டை இல்லை. முதலாளி யாருக்கும் சொல்லாமல் புலியைக் கூப்பிட்டார். புலி சனிக்கிழமை காலையிலேயே கம்பளியைப் போர்த்திக்கொண்டு கிடங்குக்குள் போய் உட்கார்ந்தார். ஒரே ஒரு கதவு, அதில் கை அகலத்துக்கு ஒரு கண்ணாடி, விளக்கின் சுவிட்ச் வெளியே. உட்கார்ந்த மறுகணமே மறைந்துவிட்டார்.

மதியம் மேலாளர் உள்ளே வந்து, அவர் மூக்குக்கு நேராகவே இரண்டு பெட்டிகளைத் தூக்கித் தள்ளுவண்டியில் வைத்தார். மர்மம் அங்கேயே தீர்ந்துவிட்டது. தீராதது அடுத்து வந்தது. புலிக்குச் சாப்பாடு கொண்டுவந்த மனைவி, மேலாளரைப் பார்த்து, "இத எங்க கொண்டு போறீங்க?" என்று கேட்டாள். அவர் வண்டியை வெளியே தள்ளினார், கதவை மூடித் தாழ்ப்பாள் போட்டார், விளக்கை அணைத்தார். உள்ளே இருந்த எல்லாரும் போயாச்சு என்று காவலாளியிடம் சொல்லிவிட்டு வீட்டுக்குப் போய்விட்டார். இருட்டில் கதவை நோக்கி ஓடியவள் தன் கணவர் மேலேயே தடுக்கி விழுந்தாள். பக்கத்திலிருந்த இரும்பு அடுக்கு சரிந்து அவள் காலை அமுக்கிக்கொண்டது. கதவுக் கண்ணாடியிலிருந்து பார்த்தால் அந்த மூலை தெரியாது, அதன் வழியே கசிந்த மங்கல் வெளிச்சம் மட்டும் அங்கே கொஞ்சம் எட்டியது.

புலி அடுக்கைத் தூக்கிப் பார்த்தார், அது அசையவில்லை. கதவைத் தட்டினார், கத்தினார், தடித்த கதவையும் வெளியே ஓடும் குளிரூட்டும் இயந்திரத்தின் இரைச்சலையும் தாண்டி அது யாருக்கும் கேட்கவில்லை. காவலாளி ஒருமுறை வந்து டார்ச் அடித்தபோது, கண்ணாடிக்கு முன் நின்று குதித்தார். காவலாளிக்குத் தெரிந்ததெல்லாம் ஆப்பிள் பெட்டிகள். ஆப்பிளை எடுத்துக் கண்ணாடி மேல் வீசினார். கையை விட்டதும் தெரிந்த ஆப்பிளைப் பார்த்த காவலாளி, எலி ரொம்பத்தான் கொழுத்துவிட்டது என்று தலையை ஆட்டிக்கொண்டு போனார்.

"சாயந்தரம் கெளம்பறப்போ இன்னொரு தடவ எட்டிப் பாப்பாரு. அத விட்டா திங்கக்கிழமைதான்" என்றாள் மனைவி. திங்கள்வரை அந்தக் குளிரில் ஆப்பிள்தான் கெடாமல் இருக்கும் என்பது இருவருக்கும் தெரியும். "அதுக்குள்ள நீங்க கண்ணுக்குத் தெரிஞ்சாகணும்."

"எப்படித் தெரியறது?"

"பயப்படாம இருங்க."

"நான் என்ன வேணும்னா பயப்படறேன்?"

"உங்க பயத்துல நான் என்னைக்குக் கொற சொன்னேன்? இத்தன வருஷமா அதுலதான சாப்பிடறோம். இன்னைக்கு ஒரு நாள் லீவு விடுங்க."

அவர் தன் கம்பளியை அவள்மேல் போர்த்திவிட்டுத் தைரியத்துக்கு முயன்றார். நெஞ்சை நிமிர்த்தினார், பாட்டுப் பாடினார், தான் பிடித்துக்கொடுத்த திருடர்களையெல்லாம் வரிசையாக நினைத்துப் பார்த்தார். அவர்கள் இங்கே வந்தால் என்ன செய்வது என்று இன்னும் பயமானது. "மூக்கு நுனியாவது தெரியுதா?" என்று அவர் இடையிடையே கேட்டார். "பாட்டு மட்டும் தெரியுது, அதையும் மறைச்சுடுங்க" என்றாள் அவள்.

பிறகு அவள் பதில்கள் சுருங்கின. வார்த்தைக்கு வார்த்தை வந்தது ஒரு முனகலானது. "மூக்கு தெரியுதா?" என்று அவர் மறுபடி கேட்டபோது ஒன்றுமே வரவில்லை. கல்யாணமானதிலிருந்து அவர் கேட்ட எதற்கும் அவள் பதிலடி கொடுக்காமல் இருந்ததில்லை. அவள் கன்னத்தைத் தடவிப் பார்த்தார், பெட்டியிலிருந்து எடுத்த ஆப்பிள்போல் இருந்தது. அவளை உலுக்கினார், கையைத் தேய்த்தார், கதவுக்கு ஓடினார், திரும்ப அவளிடம் ஓடினார். தான் ஒருவன் அங்கே இருப்பதே அவருக்கு மறந்துபோயிற்று.

சாயந்தரம் டார்ச்சோடு எட்டிப் பார்த்த காவலாளிக்கு, கண்ணாடியில் மூக்கு நசுங்க ஒட்டிக்கொண்டு அழும் ஒரு முழு மனிதர் தெரிந்தார். காவலாளி சாவிக்கொத்தைப் போட்டுவிட்டுத் தெருமுனைவரை ஓடினார், அது புலி என்று உறைத்ததும் திரும்பி வந்து கதவைத் திறந்தார். மேலாளரை அவர் மச்சானின் பழக்கடையில் வைத்துப் பிடித்தார்கள். மனைவி மருத்துவமனையில் கண் விழித்ததும், "தெரியறீங்க" என்றாள். "பயம் போயிடுச்சா?" போகவில்லை என்றார் அவர், இவ்வளவு பயம் வாழ்க்கையில் வந்ததே இல்லை. இருவரும் யோசித்துப் பார்த்து ஒரு முடிவுக்கு வந்தார்கள்: தன்னை நினைத்துப் பயந்தால்தான் அவர் மறைகிறார், அடுத்தவரை நினைத்துப் பயந்தால் மறைவதில்லை.

அதோடு தொழில் படுத்துவிட்டது. வேவு பார்க்கும் இடத்திலெல்லாம் அவள் கால் மாடிப்படியில் தடுக்குமோ என்ற நினைப்பு வந்துவிடும். விளக்குக் கம்பத்தடியில் பளிச்சென்று நின்றுகொண்டிருப்பார், ஜேப்படிக்காரர்கள் வணக்கம் வைத்துவிட்டுப் போவார்கள். பிறகு தொலைந்த சாவி, ஓடிப்போன பூனை என்று தேடிக்கொடுத்துப் பிழைத்தார். புலி என்ற பெயர் மட்டும் போகவில்லை.

சில வருடம் கழித்து ஒரு மகள் பிறந்தாள். அப்பாவின் காது, அம்மாவின் வாய். தடுப்பூசிக்கு அழைத்துப் போன அன்று, ஊசியைப் பார்த்ததும் அம்மாவின் மடி காலியானது. செவிலி அவசரப்படவில்லை, பஞ்சை நனைத்துக்கொண்டே, "இடது கை எந்தப் பக்கம்?" என்று கேட்டாள். "இதோ, பிடிச்சிருக்கேன்" என்று அம்மா காற்றை இறுக்கிப் பிடித்துக் காட்டினாள். வாசலில் நின்ற அப்பா உடம்பெல்லாம் நடுங்க, சட்டைப் பொத்தான்வரை தெளிவாகத் தெரிந்தார்.