வெட்டுக்கிளிக்குப் புதுத் தீனி

மதியம் இரண்டரைக்கு முதல் வெட்டுக்கிளி மல்லாந்தது.

தையல்காரர் கத்திரியை வைத்துவிட்டுத் மகள் அவற்றை வளர்க்கும் கண்ணாடித் தொட்டியருகே போனார். மற்ற நான்கும் மூலையில் ஒடுங்கிக் கிடந்தன. குச்சியால் தொட்டார். ஒன்று மட்டும் காலை இழுத்தது.

ஆறு வயது மகள் உள்ளே தூங்கிக்கொண்டிருந்தாள். இவைதான் அவளுக்கு உயிர். எழுந்து கேட்டால் என்ன சொல்வது?

பின்கட்டுப் புல் காய்ந்துபோனதால் நேற்று கோஸ் இலை போட்டுப் பார்த்தார். ஒன்றுகூடச் சீண்டவில்லை. "நாம பெத்ததும் கோஸைத் தொடாது, அது வளக்குறதும் தொடாது. நல்ல குடும்பம்" என்று மனைவி சிரித்தாள். அதனால்தான் இன்று காலை எதிர்க் காலிமனையில் பசும்புல்லும் அகலமான இலைகளும் பறித்து வந்து மகளிடம் கொடுத்தார்.

வாசலுக்கு வந்தார். மனையின் காவலாளி நிழலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்.

"அண்ணே, இங்க ஏதாச்சும் தெளிச்சாங்களா?"

"நேத்து சாயங்காலம் மருந்தடிச்சாங்க, களை சாகட்டும்னு. ஏன், ஆடு கீடு வாங்கிட்டீங்களா?"

தையல்காரர் திரும்பி வீட்டுக்குள் ஓடினார். தொட்டியிலிருந்த இலைகளை வாரினார். வெட்டுக்கிளி ஓரத்தில் தொடங்கி அரம் போல அராவித் தின்னும். அப்படித் தின்ற இலைகள்தான் எல்லாம். ஒன்று மட்டும் வேறு மாதிரி இருந்தது. பிறை வடிவில் ஒரே கடி. விளிம்பில் சின்னச் சின்னப் பல் தடம்.

அந்த இலையோடு சமையலறைப் பக்கம் திரும்பினார்.

"ஏய், பாப்பா இந்த இலையத் தின்னாளா?"

மனைவி ஈரக் கையோடு வந்தாள். "சும்மா விளையாட்டுக்குங்க. புதுச் சாப்பாடுன்னா நாம ஒரு வாய் தின்னு காட்டினாத்தானே அவ வாயத் திறப்பா? அதே மாதிரி அதுங்களுக்குக் காட்டிட்டு இருந்தா. 'பாரு, அக்கா தின்னுட்டேன், இப்ப நீங்க'ன்னு..."

அவள் பார்வை அவர் முகத்திலிருந்து மல்லாந்த வெட்டுக்கிளிக்குப் போனது.

"வயிறு வலிக்குதுன்னுதான் படுத்தா" என்றாள். "வெயில்ல ஆடினதுன்னு நெனச்சேன்."

"ஆட்டோவக் கூப்பிடு. ஓடு."

மகளை வாரித் தோளில் போட்டுக்கொண்டார். உடம்பு வேர்த்திருந்தது. தலை தொங்கியது. கடைவாயில் பச்சை காய்ந்திருந்தது.

"கண்ணு, எந்திரிடா. அப்பா திட்ட மாட்டேன். எத்தன இலை தின்னே?"