தேக்கத்தில் நிற்பவர்

அந்த ஊரில் காலம் வாய்க்காலில் ஓடியது. தண்ணீர் போலக் கண்ணுக்குத் தெரியாது; உச்சி வெயிலில் தார்ச்சாலைக்கு மேல் காற்று நெளியுமே, அப்படித் தெரியும். அது வேகமாக ஓடும் இடத்தில் கொடி கட்டிச் சலவைக்காரி துணி காயப்போடுவாள். ஒரு சட்டையை உதறிப் போட்டு அடுத்ததை எடுப்பதற்குள் முதல் சட்டை காய்ந்துவிடும். பேச்சு சுவாரசியத்தில் மறந்துவிட்டாலோ, நூல் நூலாகக் கையோடு வரும்.

வேகம் இருந்தால் தேக்கமும் இருக்கும். வாய்க்காலின் கடைசி வளைவில் கரை உடைந்து, காலம் குழிக்குள் ஒதுங்கி நின்றுவிட்டது. உடைப்பை அடைக்கப் போன கொத்தனார், அந்தச் சலவைக்காரியின் கணவர், இடுப்பில் கயிற்றோடு அங்கேயே மாட்டிக்கொண்டார். வெளியே ஒரு வருடம் போனால் அவருக்கு ஒரு நிமிடம் போகும். வருடங்கள் கழிந்தும் அவர் கரண்டியில் கலவை ஈரமாகவே இருந்தது.

இழுத்துப் பார்க்காமல் இல்லை. ஆண்டுக்கொரு முறை தெருவே திரண்டு ஒரு பகல் முழுக்க இழுக்கும். மலையைக் கட்டி இழுத்தது போலத் தோள் கழன்றுபோய், பொழுது சாயும்போது கயிற்றைப் போட்டுவிட்டுக் கலைந்துவிடும்.

இப்போது தேக்கம் தெருவுக்குள் கசியத் தொடங்கியிருந்தது. முனை வீட்டில் காலையில் அடுப்பில் வைத்த வெந்நீர் மாலைவரை சுடவில்லை. மழைக்கு முன்னால் குழியைச் சுவர் வைத்து மூடிவிட உத்தரவு வந்தது. அதைச் சொல்ல வந்தவர் வாய்க்கால் மடைகளைக் கவனிக்கும் மேஸ்திரி, கொத்தனாரின் தம்பி.

"அண்ணி, அண்ணன் கையைத் தூக்கியிருக்காரு, பாத்தீங்கல்ல? போயிட்டு வரேன்னு சொல்றாரு. நாமதான் மனசத் தேத்திக்கணும்."

அவள் குழியின் விளிம்பில் நின்று அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். போன முறை இழுத்த பிறகு, வாரக்கணக்கில் கொஞ்சம் கொஞ்சமாக மேலே வந்த கை அது.

"உங்க அண்ணன் என்னைக்காவது சொல்லிட்டுப் போயிருக்காரா தம்பி? அந்தக் கட்டைவிரலப் பாருங்க. மடிச்சிருக்கு."

மேஸ்திரி குனிந்து அந்த விரலைப் பார்த்தார். கயிற்றோடு உள்ளே இறங்குகிறவர்களுக்குள் ஒரு பழக்கம் உண்டு. கயிற்றை ஒருமுறை சுண்டிவிட்டால், நாங்கள் இருக்கிறோம், நீ வேலையைப் பார் என்று அர்த்தம். உள்ளே இருப்பவர் கட்டைவிரலை மடித்துக் கை காட்டுவார்: சரி. கயிறு இறுகி, இறுகியபடியே இருந்தால்தான் வெளியே வா.

"நாம பகல் பூரா இழுத்தது அவருக்கு ஒரு சுண்டு" என்றாள். "வருஷா வருஷம் வேலையப் பாருன்னு நாமதான் சொல்லியிருக்கோம்."

"அப்போ கம்பத்துல இழுத்துக் கட்டிடலாம்."

"வெயில்ல தளரும், மழையில இறுகும். அதுவும் சுண்டுற மாதிரிதான். கைதான் வேணும்."

"எவ்வளவு நாளைக்கு? வீட்டுல சாப்பிடக் கூப்பிட்டாலே ரெண்டு தடவை 'ம்' கொட்டிட்டுத்தானே எந்திரிப்பாரு. மழைக்குள்ள மூடலேன்னா என் தலை உருளும் அண்ணி."

"உருளட்டும். மூட்டையோட சேத்து வெளுத்துத் தரேன்."

பழைய கயிற்றின் நைந்த பகுதிக்குப் பக்கத்தில் புதுக்கயிற்றை முறுக்கிச் சேர்த்தாள். சலவைக் கடையைப் பூட்டினாள். உள்ளங்கையில் துணி சுற்றிக்கொண்டு உட்கார்ந்தாள். மேஸ்திரியும் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்; அவள் கண்ணயரும்போது அவர் பிடிப்பார். கை மாறும் நொடியில்கூடக் கயிறு தளரவில்லை.

மழை வந்தது. செங்கல்லோடு ஆட்களும் வந்தார்கள். அவள் தலையைத் திருப்பாமலே, "கல்ல ஓரமா எறக்குங்க. கை மாத்த ஆள் பத்தல, யாராவது வந்து உக்காருங்க" என்றாள். அவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒருவன் வந்து உட்கார்ந்தான். பிறகு இன்னொருவன்.

ஒருநாள் அந்தக் கை இறங்கத் தொடங்கியது. கொத்தனார் முகத்தைத் திருப்பினார். எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்க, அவர் சாவகாசமாகக் கரண்டியைத் துடைத்தார். அதற்கே ஒரு வாரம் போயிற்று. மேஸ்திரி தலையில் அடித்துக்கொண்டார். பிறகு முதல் எட்டு. அவர் நகர நகர, மயிரிழை மயிரிழையாக அவள் கயிற்றைத் தன் பக்கம் வாங்கினாள்.

மழை ஓய்ந்த பிறகு ஒரு காலையில் அவர் விளிம்பைத் தாண்டினார்.

"என்ன அவசரம் இப்போ? ரெண்டே ரெண்டு கல்லுதான் பாக்கி" என்று சிடுசிடுத்தார். அப்புறம்தான் அவளைப் பார்த்தார். நரைத்த காதோரம். துணி சுற்றிய கைகள். பின்னால் நின்ற தொப்பைக்காரரை அடையாளம் காண அவருக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது.

"தம்பியாடா?"

மேஸ்திரி தலையாட்டினார்.

என்ன செய்வது என்று தெரியாத மனிதன் தெரிந்த வேலைக்கே போவது போல, கொத்தனார் குழியைப் பார்த்துத் திரும்பினார். "அந்த ரெண்டு கல்ல மட்டும்..."

கயிறு விண்ணென்று இறுகியது.

"அத உங்க தம்பி வெளிய இருந்தே அடைச்சுக்குவாரு. நடங்க."

இடுப்பு முடிச்சை அவள் அவிழ்க்கவில்லை. கயிற்றை முன்கையில் இரண்டு சுற்றுச் சுற்றிக்கொண்டு முன்னால் நடந்தாள். ஜன்னல்களில் தலைகள் முளைத்தன. யாரோ சிரித்தார்கள், யாரோ அழுதார்கள். கொத்தனார் கூச்சத்தோடு பின்னால் வந்துகொண்டிருந்தார். அவள் ஒருமுறைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை, தளர்த்தவும் இல்லை.