காப்புக் கட்டிய கை

கோர்ட் வராந்தாவில் பெஞ்சு காலியாக இருந்தும் குமாரசாமி நின்றுகொண்டே இருந்தான். விடிவதற்குள் தக்காளி பறித்துப் போட்டுவிட்டு வந்த கை. நகக்கண்ணில் பச்சைக் கறை போகவில்லை. பக்கத்தில் அவன் மனைவி காளியாத்தாள் தூணில் சாய்ந்து பிடரியைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். அவர்களுடைய தக்காளிக் காட்டுக்குப் போகும் வண்டித்தடம் தன்னுடையது என்று பெரிய தோட்டத்து ஈஸ்வரமூர்த்தி தீர்ப்பு வாங்கிக் கேட்டைப் பூட்டியதிலிருந்து, கூடைகளெல்லாம் அவள் தலையில்தான் வாய்க்காலைத் தாண்டி வருகின்றன.

அந்தத் தீர்ப்பின் மேல் அப்பீல் போடும் கெடுவைக் குமாரசாமி கோட்டைவிட்டான். கெடு ஓடிக்கொண்டிருந்தபோதே ஊரில் மாரியம்மன் திருவிழாவுக்குக் கம்பம் நட்டு, அவன் கையில் காப்புக் கட்டிவிட்டார்கள். காப்புக் கட்டியவன் நோம்பி முடிகிற வரைக்கும் ஊர் எல்லையைத் தாண்டக் கூடாது. ஆத்தாளை மீறிக்கொண்டு யார் வக்கீலைப் பார்க்கப் போவார்கள்?

"சாமி சமாச்சாரமெல்லாம் கோர்ட்ல எடுபடாதுப்பா" என்று வக்கீல் கோவிந்தராஜுலு, தாமதத்தை மன்னிக்கக் கேட்கும் மனுவில் மஞ்சள் காமாலை என்று எழுதிவிட்டார். குமாரசாமியும் கையெழுத்துப் போட்டான். அன்றிலிருந்து அவனுக்குச் சோறு இறங்கவில்லை.

கூப்பிட்டார்கள். கூண்டில் ஏறினான். எதிர்த்தரப்பு வக்கீல் சிரித்த முகமாக ஒரு போட்டோவை நீட்டினார்.

"படுத்த படுக்கையா இருந்தேன்னு சொன்னவரு, கம்பத்துக்கிட்ட நின்னு காப்புக் கட்டிக்கிறாருங்க ஐயா."

கோவிந்தராஜுலு பேனாவை மூடி வைத்தார். குமாரசாமி நீதிபதியைப் பார்த்துக் கைகூப்பினான். இனி ஒளிக்க என்ன இருக்கிறது?

"காமாலை பொய்யுங்க ஐயா. காப்புக் கட்டியிருந்தனுங்க, ஊரை உட்டு வர முடியலீங்க. தப்புத்தானுங்க."

நீதிபதி போட்டோவைக் கண்ணுக்குக் கிட்டே கொண்டுபோனார். "உனக்குக் கட்டிவிடறது யாரு?"

"கோயில் தர்மகர்த்தாங்க. அவிங்கதானுங்க." அவன் கை காட்டிய பின்பெஞ்சில் ஈஸ்வரமூர்த்தி துண்டைச் சரிசெய்துகொண்டார்.

"கெடு ஓடிட்டு இருந்தது அவருக்குத் தெரியுமா?"

"சொன்னனுங்க. 'அதையெல்லாம் நோம்பி முடிஞ்சு பாத்துக்கலாம், கையை நீட்டுடா'ன்னாருங்க."

நீதிபதி பொய் மனுவுக்காகக் கோவிந்தராஜுலுவை ஒரு வாங்கு வாங்கினார். பிறகு தாமதத்தை மன்னித்து, அப்பீலை எடுத்துக்கொள்ள உத்தரவு போட்டார்.

"ஏனுங்க, செயிச்சுப்போட்டமா?" வெளியே வந்ததும் காளியாத்தாள் கேட்டாள்.

"இனிமேத்தான் புள்ள கேசே. லேட்டா வந்ததை மன்னிச்சு உட்டுருக்காங்க, அவ்வளவுதான்."

"அது போதுமுங்க" என்று சிரித்தாள். டீக்கடையில் அவன் இரண்டு பன் தின்றான். நெஞ்சில் கிடந்த கல் இறங்கியதும் அப்படியொரு பசி.

ஊர் வந்து சேரும்போது வெயில் தாழ்ந்திருந்தது. ஈஸ்வரமூர்த்தியின் ஜீப் முன்னாலேயே தடத்துக்குள் போயிருந்தது. கேட்டில் பூட்டுத் தொங்கியது. காலையில் பறித்த தக்காளி அந்தப் பக்கம் வரப்போரம் காத்துக் கிடந்தது. காளியாத்தாள் சேலையை முழங்காலுக்கு மேல் செருகி, சும்மாட்டைச் சுருட்டித் தலையில் வைத்துக்கொண்டு வாய்க்காலில் இறங்கினாள்.