டீப்பெட்டிக்குள் வெந்த கறி

ஜூன் மாதத்தின் இரண்டாவது திங்கட்கிழமை, தேவாலாவுக்குப் பக்கத்து எஸ்டேட் ஃபேக்டரியில் சங்கு ஊதவில்லை. தேயிலை விலை விழுந்து மூன்றாவது வருஷம் அது. வாரத்துக்கு ஆறு நாள் ஓடிய மெஷின்கள் நான்கு நாளாகி, இரண்டு நாளாகி, அன்றைக்கு ஒரேயடியாக நின்றுவிட்டன. கேட்டில் ஒட்டியிருந்த காகிதத்தை மழை நனைத்து எழுத்தெல்லாம் வழிந்திருந்தது. 'மறு அறிவிப்பு வரும் வரை' என்பது மட்டும் படிக்கிற மாதிரி இருந்தது. பாலன் குடையோடு கொஞ்ச நேரம் அங்கேயே நின்றுவிட்டுத் தொழிலாளர் லைன் வீட்டுக்குத் திரும்பினான்.

இருபத்தோரு வருஷமாக அவன் அங்கே டிரையர்காரன். பச்சை இலை வாடி, நசுங்கி, புளித்துச் சிவந்த பிறகு கடைசியாக அவனிடம்தான் காய்வதற்கு வரும். சூடு கூடினால் தூள் கருகும், குறைந்தால் பூஞ்சை பிடிக்கும். வெப்பமானியைப் பார்க்காமலே, டிரையர் தகரத்தில் புறங்கையை வைத்துப் பார்த்துச் சூட்டைச் சொல்லிவிடுவான் என்று அவனுக்குப் பெயர். வீட்டு அடுப்பை மட்டும் அவன் ஒருநாளும் பற்றவைத்ததில்லை.

அது அவனுடைய மனைவி வேலாமணியின் வேலை. கொழுந்து பறிக்க ஆள் கூப்பிடுவது குறைந்ததும் அவள் கூடலூரில் ஒரு பெண்கள் விடுதிச் சமையலறையில் சேர்ந்திருந்தாள். எண்பது பிள்ளைகளுக்குச் சமையல். விடியற்காலை முதல் பஸ்ஸில் போவாள். ஆறு மணி வாக்கில் திரும்புவாள். வந்ததும் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, மழையில் ஊறிய விறகோடு மல்லுக்கட்டி, வீடெல்லாம் புகைய ஒரு சோறும் குழம்பும் ஆக்கி அவனுக்குப் போடுவாள். இது இரண்டு மாதமாக நடக்கிறது. பகலெல்லாம் வீட்டில் இருக்க நேர்ந்த பிறகுதான் பாலன் அவளுடைய தட்டைக் கவனித்தான். பிசைந்த சோறு பாதிக்குமேல் அப்படியே கிடந்தது.

"என்ன புள்ள, ஒடம்புக்கு முடியலையா?"

"நல்லாத்தாங்க இருக்கேன்."

"பின்ன ஏன் சாப்பிடல?"

அவள் தட்டை நகர்த்தி வைத்துவிட்டுச் சுவரில் சாய்ந்துகொண்டாள்.

"காலையில இருந்து அரைச்சு, தாளிச்சு, கிண்டி, அந்த வாசம் மூக்கவிட்டுப் போறதில்ல. பசிக்குதுங்க. ஆனா நானே ஆக்குனத நானே திங்கப் புடிக்கல. அவ்வளவுதான்."

குறையாகச் சொல்லவில்லை. மழை பெய்கிறது என்பது போலச் சொல்லிவிட்டுப் பாத்திரம் கழுவப் போனாள். பாலனுக்குத்தான் மனசுக்குள் தைத்தது. கல்யாணமாகி பத்தொன்பது வருஷம். அவள் ஆக்காத ஒரு வாய்ச் சோற்றை அவளுக்கு யாராவது போட்டிருக்கிறார்களா என்று யோசித்துப் பார்த்தான். பிரசவத்துக்குப் போயிருந்த மூன்று மாதம் தவிர வேறெதுவும் நினைவுக்கு வரவில்லை. அந்தப் பிரசவத்தில் பிறந்த மகள் பிரியா இப்போது கோயம்புத்தூரில் நர்சிங் படிக்கிறாள்.

மறுநாள் அவனே சாம்பார் வைத்தான். விறகு பற்றவே முக்கால் மணி நேரம் ஆனது. பற்றியதும் ஆங்காரமாக எரிந்தது. பருப்பு அடியில் கருகி, மேலே அரைவேக்காடாக நின்றது. வேலாமணி அதை மிச்சம் வைக்காமல் சாப்பிட்டுவிட்டு இரண்டு சொம்பு தண்ணீர் குடித்தாள்.

"எப்படி இருக்குது?"

"சூடா இருக்குங்க," என்றாள்.

இரண்டு நாள் அந்த 'சூடா இருக்குங்க' அவனை விடவில்லை. விறகடுப்பில் தீ அவன் சொன்னபடி கேட்கவில்லை என்பதுதான் அவனுக்கு அவமானமாக இருந்தது. அடுப்பெதிரே உட்கார்ந்து, எரிகிற சூட்டில் பாதி ஓட்டு இடுக்கு வழியாக மழைக்குள் போவதைப் பார்த்துக்கொண்டிருந்தவனுக்கு ஃபேக்டரியில் மரவள்ளி வேகவைத்தது ஞாபகம் வந்தது. டிரையரின் பக்கவாட்டுப் பலகையில் ஒரு தகர டப்பாவில் கிழங்கும் தண்ணீரும் போட்டு, சாக்கைச் சுற்றி வைத்துவிடுவார்கள். அந்த இடத்தில் தீயே படாது. ஆனால் மத்தியானம் திறந்தால் கிழங்கு வெண்ணெய் மாதிரி இருக்கும். தீ வேண்டியதில்லை, சூடு ஓடிப்போகாமல் இருந்தால் போதும் என்று அவனுக்குத் தோன்றியது. அந்த வேலை அவனுக்குத் தெரிந்த வேலை.

வீட்டில் ஒரு பழைய டீப்பெட்டி இருந்தது. தூளைச் சாக்குப் பையில் அனுப்பத் தொடங்குவதற்கு முந்தைய காலத்துப் பெட்டி. ஒட்டுப்பலகையில் செய்து, விளிம்புக்குத் தகரம் அடித்து, உள்ளே வெள்ளிக் காகிதம் ஒட்டியிருக்கும். லைனில் பாதி வீடுகளில் அதுதான் பீரோ. பாலன் உள்ளே இருந்த சேலைகளை எடுத்துக் கட்டிலில் அடுக்கினான். பஜாருக்குப் போய் மர மில்லில் காய்ந்த மரத்தூளாகப் பார்த்து இரண்டு மூட்டை வாங்கி வந்தான். அரிசிச் சாக்குகளைத் தலையணை போலத் தைத்து, தூளை நிரப்பி, பெட்டியின் அடியிலும் நாலு பக்கமும் திணித்தான். நடுவில் ஒரு பெரிய அலுமினியக் குண்டான் உட்காருகிற அளவுக்குக் குழி. மேலே மூடுவதற்கு ஒரு கனத்த தலையணை.

சாயந்திரம் வந்த வேலாமணி கட்டிலைப் பார்த்துவிட்டு நின்றாள்.

"என் சீலையெல்லாம் ஏனுங்க வெளிய கெடக்குது?"

"பொட்டி வேணும் புள்ள. கறி ஆக்கறதுக்கு."

"பொட்டியிலயா?"

"பொட்டியிலதான்."

அவள் அவன் நெற்றியில் கை வைத்துப் பார்த்தாள். காய்ச்சல் இல்லை என்று உறுதியானதும் சேலைகளை ஒரு பழைய சூட்கேஸில் அடைத்து வைத்தாள். அவள் மூடியைத் தள்ளிய வேகத்தில் சூட்கேஸ் பூட்டு உடைந்தது.

முதல் தடவை கறி வேகவில்லை. ஊறவைத்த பட்டர் பீன்ஸை மற்ற காய்களோடு கொதிக்கவிட்டுப் பெட்டிக்குள் இறக்கியவனுக்கு இருப்புக்கொள்ளவில்லை. மணிக்கு ஒரு தடவை தலையணையைத் தூக்கி, மூடியைத் திறந்து பார்த்தான். பக்கத்து வீட்டு மாரியாயி, சிலோன் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவள், தேத்தண்ணி டம்ளரோடு வாசலில் நின்று இதை வேடிக்கை பார்த்தாள்.

"என்னா பாலா, கோழி அடை வச்சிருக்கியா? எத்தினி குஞ்சு பொரிச்சிருக்கு?"

சாயந்திரம் பார்த்தால் குண்டான் வெதுவெதுப்பாக இருந்தது. பீன்ஸ் கூழாங்கல். பிறகுதான் அவனுக்கு உறைத்தது. டிரையர் கதவைச் சும்மா சும்மா திறக்கிறவர்களை இருபத்தோரு வருஷமாக வாய்க்கு வந்தபடி திட்டியவன் அவன்.

வியாழக்கிழமை மறுபடி செய்தான். முதல் நாளே பட்டர் பீன்ஸை ஊறப்போட்டிருந்தான். உருளைக்கிழங்கு, கேரட், வேலியில் காய்த்த மேரக்காய் என்கிற சௌசௌ, கொஞ்சம் முட்டைக்கோஸ். எல்லாவற்றையும் பெரிய துண்டுகளாக நறுக்கினான். எண்ணெயில் பட்டையும் கிராம்பும் போட்டு, வெங்காயம், இஞ்சி, பச்சை மிளகாய் வதக்கி, நுணுக்கிய மிளகும் உப்பும் சேர்த்துத் தண்ணீர் ஊற்றினான். குண்டான் விளிம்பு வரை நிறைந்திருந்தது. இருபது நிமிஷம் தளதளவென்று கொதிக்கவிட்டு, மூடியைத் திறக்காமல் அப்படியே பெட்டிக்குள் இறக்கி, தலையணையை அமுக்கி, மேலே கம்பளியைப் போர்த்தினான். பன்னிரண்டு மணி. வீட்டில் இருந்தால் கை சும்மா இருக்காது என்று பூட்டிவிட்டுப் பஜாருக்குக் கிளம்பினான். நான்கு மணிக்குத் திரும்பி, தேங்காய் துருவிப் பால் பிழிந்து வைத்தான். பெட்டிப் பக்கம் திரும்பவில்லை.

ஆறு ஆயிற்று, வேலாமணி வரவில்லை. மழை அன்றைக்கு வேறு மாதிரி பெய்துகொண்டிருந்தது. ஆறரைக்கு அவன் குடையை எடுத்துக்கொண்டு பாதி வழி இறங்கியபோது, எதிரே இரண்டு பெண்கள் ஒரே குடைக்குள் மேடேறி வந்தார்கள். ஒருத்தி வேலாமணி. இன்னொருவர் அவளுடைய விடுதி வார்டன் ஐவி டீச்சர். இருவருக்கும் இடுப்புவரை சேறு.

"நாடுகாணியில மண்ணு சரிஞ்சு அரை மணி நேரம் பஸ் நின்னுருச்சுங்க," என்றாள் வேலாமணி. "தேவாலா வந்தா, பந்தலூர் ரோட்டுல மரம் விழுந்து கெடக்குதாம். லீவுல கெளம்புன டீச்சருக்கு ஊட்டுக்குப் போக வழியில்ல. நாந்தான் கூட்டிட்டு வந்தேன்." பிறகு அவனை ஒட்டி வந்து குரலைத் தாழ்த்தினாள். "ஊட்டுல ஒண்ணுமே இல்லையே. இனிமே அடுப்பு மூட்டி எப்ப ஆக்கறது? மானம் போகுது."

"வா, பாத்துக்கலாம்," என்றான் பாலன். பீன்ஸ் வெந்திருக்குமா என்று அவனுக்கே தெரியாது.

டீச்சர் வேலாமணியின் சேலையைக் கட்டிக்கொண்டு பாயில் உட்கார்ந்தார். பாலன் கம்பளியை விலக்கித் தலையணையைத் தூக்கினான். உள்ளே கை விட்டவன் சட்டென்று இழுத்துக்கொண்டான். குண்டான் சுட்டது.

மூடியைத் திறந்ததும் ஆவி எழுந்தது. மிளகும் கிராம்பும் சேர்ந்த வாசம் அந்தச் சின்ன அறை முழுக்கப் பரவியது. ஒரு பீன்ஸை எடுத்து நசுக்கிப் பார்த்தான். மாவாகப் போயிற்று. உருளை உடையாமல் நின்றது, கரண்டி பட்டதும் பிளந்தது. தேங்காய்ப்பாலைச் சூடாக்கி ஊற்றிக் கலந்து, மூன்று தட்டில் போட்டு, பஜாரில் வாங்கி வைத்திருந்த ரொட்டியைப் பிய்த்து வைத்தான்.

"அண்ணா, இது என்ன, கேரளத்து இஷ்டுவா?" என்றார் டீச்சர். "விறகு எங்கீங்க? புகையே காணோமே?"

பாலன் பெட்டியைக் காட்டினான். அவர் தட்டைக் கையில் வைத்துக்கொண்டே எழுந்து போய் உள்ளே எட்டிப் பார்த்தார். கையைக் குழிக்குள் விட்டு, "அடடா, கதகதன்னு இருக்குது," என்று சிறு பிள்ளை மாதிரி சிரித்தார்.

வேலாமணியின் முதல் தட்டு காலியானது. நீட்டினாள். இரண்டாவதும் காலியானது. மறுபடி நீட்டினாள். பாலன் கரண்டியோடு நின்று அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். மழையில் வெளுத்திருந்த அவள் முகத்தில் நிறம் திரும்பிக்கொண்டிருந்தது.

"என்னத்தப் பாக்கறீங்க?" என்றாள்.

"ஒண்ணுமில்ல. சாப்பிடு."

"உங்களுக்கு இருக்குதா?"

"இருக்குது, இருக்குது. சாப்பிடு புள்ள."

அவனுக்கு மிஞ்சியது அரைத் தட்டுதான். குண்டானை ரொட்டியால் துடைத்துத் தின்றான். இருபத்தோரு வருஷத்தில் எத்தனையோ நல்ல தூள் காயவைத்து எடுத்திருக்கிறான். யாரோ, எங்கேயோ குடித்திருப்பார்கள். குடிக்கிறவர்களின் முகத்தை அவன் பார்த்ததில்லை.

காலையில் மரத்தை வெட்டி அகற்றி பஸ் விட்டார்கள். போகும்போது ஐவி டீச்சர் திரும்பவும் பெட்டியைச் சுற்றி வந்து பார்த்தார்.

"எங்க ஹாஸ்டலுக்கு இதே மாதிரி பெருசா ரெண்டு செஞ்சு தருவீங்களாண்ணா? ராத்திரிக் குழம்பு ஆக்கத்தான் வேலாமணி அஞ்சு மணி வரைக்கும் நிக்க வேண்டியிருக்குது. மத்தியானமே கொதிக்கவிட்டு உள்ள வச்சுட்டா, பிள்ளைகளே எடுத்துச் சாப்பிட்டுக்குவாங்க."

பாலன் மூன்று நாள் கூடலூருக்குப் போய் வந்து செய்து கொடுத்தான். எண்பது பேருக்கான அண்டா என்பதால் பெட்டி ஒவ்வொன்றும் ஆள் உட்காரும் அளவு. முதல் நாள் கடலைக் குழம்பு ஏழு மணிக்குக் கொதிக்கக் கொதிக்க இருந்ததாக டீச்சர் சொல்லி அனுப்பினார். அந்த வாரத்திலிருந்து வேலாமணி மூன்றரை மணி பஸ்ஸைப் பிடித்தாள். வெளிச்சம் இருக்கும்போதே வீடு வந்து சேர்ந்தாள். மாரியாயியும் தன் வீட்டுப் பெட்டியைத் தூக்கி வந்து, "எனக்கும் ஒரு கோழிக்கூடு செஞ்சு குடு," என்று இறக்கி வைத்தாள்.

செப்டம்பரில் ஃபேக்டரி வாரத்துக்கு மூன்று நாள் திறந்தது. விலை ஒன்றும் ஏறிவிடவில்லை. ஆனாலும் சங்குச் சத்தம் கேட்டதில் லைனே கொஞ்சம் நிமிர்ந்து நடந்தது. வேலைக்குப் போகிற நாளிலும் பாலன் சமையலை விடவில்லை. ஷிஃப்ட் பத்து மணிக்கு என்பதால், அதற்குள் குண்டானைக் கொதிக்கவிட்டு இறக்கிவிட்டுப் போவான்.

ஒரு புதன்கிழமை அவன் ஆறு மணிக்கு வந்தபோது வேலாமணி கால் நீட்டி உட்கார்ந்து சாப்பிட்டு முடித்திருந்தாள். அவனுக்குத் தட்டு எடுத்து வைத்தாள்.

"ஏனுங்க, இன்னிக்கு உப்பு கம்மி. மேரக்கா வேற ஜாஸ்தி போட்டுட்டீங்க. தண்ணியா நிக்குது."

பாலன் ஒரு வாய் போட்டுப் பார்த்தான். அவள் சொன்னது சரிதான்.

"நாளைக்குச் சரி பண்ணிடறேன்," என்றான்.

"நாளைக்கு பீட்ரூட் போடுங்க. ரொம்ப நாளாச்சு," என்று சொல்லிவிட்டு அவள் வாசலில் காய்ந்துகொண்டிருந்த துணிகளை எடுக்கப் போனாள். அன்றைக்கு மழை இல்லை.