ஜார்ஜியாக்காரர் கேட்ட மனை

கம்பெனியில் பெரிய பிரஸ் மெஷினைப் பொருத்த வந்த வக்தாங்கை எல்லோரும் ரஷ்யாக்காரர் என்றுதான் சொன்னார்கள். அவருக்கு அது பிடிக்காது. பாஸ்போர்ட் சோவியத் யூனியன் என்று சொன்னாலும் நான் ஜார்ஜியாக்காரன் என்பார். கும்மிடிப்பூண்டியில் அதைக் கேட்டு மரியாதையாகத் தலையாட்டியவர்கள் மறுநாளும் ரஷ்யாக்காரர் என்றே கூப்பிட்டார்கள். ஜீப் டிரைவர் ராஜமாணிக்கம் ஒருவன்தான் திருத்திக்கொண்டான். தன்னைப் பிறர் எப்படிக் கூப்பிடுகிறார்கள் என்பதில் அவனுக்கும் சில மனத்தாங்கல்கள் உண்டு.

அது 1972. ராஜமாணிக்கத்தின் குடிசை ரெட்டியார் நிலத்தில் இருந்தது. அவன் அப்பா அந்த நிலத்தில்தான் ஏர் ஓட்டி முதுகு வளைந்தார். ரெட்டியார் இப்போது நிலத்தை வேறொரு கம்பெனிக்கு விற்றுவிட்டு, பொங்கலுக்குள் காலி பண்ணு என்று சொல்லிவிட்டார். நல்லவேளையாக, நிலமில்லாதவர்களுக்குச் சர்க்கார் ஆளுக்கு மூன்று சென்ட் வீட்டுமனை கொடுக்க முன்வந்தது. வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு ஏரிக்கரை மைதானத்துக்கு நேரில் வருகிறவர்களுக்கு மட்டும் மனை. ராஜமாணிக்கத்தின் பெயரும் இருந்தது.

வெள்ளிக்கிழமை காலையில் அவன் அரை நாள் லீவு கேட்டபோது வக்தாங் காரணம் விசாரித்தார். கேட்டதும் ஜீப்பில் ஏறி உட்கார்ந்துவிட்டார். அவர் ஊரில் நல்ல காரியம் எதையும் குடிக்காமல் தொடங்குவதில்லை. குடிப்பதென்றால் பேசாமல் குடிப்பதில்லை. தமிழ்நாட்டில் கள்ளுக்கடைகளைத் திறந்து வைத்திருந்த சமயம் வேறு. மைதானத்துக்குப் போகிற வழியில் ஒரு கடை வாசலில் ஜீப் நின்றது.

முதல் மொந்தை கடவுளுக்கு. அதற்கு ஒரு நீண்ட பேச்சு. இரண்டாவது முன்னோர்களுக்கு. நோவா, நோவாவின் மகன் யாப்பேத்து, அந்த வழியில் தொகர்மா, தொகர்மாவின் மகன் கார்த்லோஸ், கார்த்லோஸின் வம்சம் நாங்கள் என்று, போன வாரம் பார்த்துவிட்டு வந்த பெரியப்பாக்களைப் போலச் சொன்னார். முதல் மூன்று பேரும் ராஜமாணிக்கத்துக்கு ஞாயிற்றுக்கிழமைப் பள்ளியிலேயே பழக்கம்.

“உன் முன்னோர்கள்?” என்று அரைகுறை இங்கிலீஷில் கேட்டார்.

“அப்பா சின்னதுரை.”

“அதற்கு மேலே?”

அதற்கு மேலே ராஜமாணிக்கத்துக்குத் தெரியாது. தாத்தாவை ரெட்டியார் வீட்டில் ‘டேய்’ என்று கூப்பிட்டதைத்தான் கேட்டிருக்கிறான். அதைச் சொன்னான். வக்தாங் தொப்பியைக் கழற்றிவிட்டு எழுந்து நின்று, மூன்றாவது மொந்தையைப் பெயர் தெரியாத அந்தத் தாத்தாவுக்காகக் குடித்தார். ராஜமாணிக்கத்துக்குக் கண் கலங்கிவிட்டது. கண்ணைத் துடைத்துக்கொண்டு கடைக்காரர் கடிகாரத்தைப் பார்த்தால் மணி பதினொன்று.

மைதானத்தில் அவன் மனைவி சாராள் கூட்டத்தை விட்டுத் தள்ளி நின்றிருந்தாள்.

“உன் பேர மூணு வாட்டி கூப்ட்டாங்கய்யா. நான் போய் நின்னேன். ஆபீசரு ஆம்பளய வரச் சொல்லுன்னுட்டாரு.”

அதிகாரி வரைபடத்தைச் சுருட்டிக்கொண்டிருந்தார். “லேட்டா வந்துகினு இப்ப கேட்டா நான் இன்னாப்பா பண்றது? உன் மனை அடுத்து நின்ன துலுக்காணத்துக்குப் போயாச்சு. வேற எதுவும் பாக்கி இல்ல. அடுத்த தபா பாக்கலாம்.”

அடுத்த தபா எப்போது என்று யாருக்கும் தெரியாது. பொங்கல் எப்போது என்று எல்லோருக்கும் தெரியும். சாராள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

வக்தாங் மட்டும் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை. அதிகாரியிடம் போய்க் கைகுலுக்கினார். நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, தங்கள் ஜனங்களுக்கு நாடு கிடைத்த கதையை ஆரம்பித்தார். ராஜமாணிக்கம் கையைக் கட்டிக்கொண்டு தமிழில் சொன்னான்.

“கடவுளு எல்லா ஜனத்துக்கும் நெலம் பிரிச்சுக் குடுத்தாராம் ஐயா. எல்லாம் முடிஞ்சப்புறம் இவங்க ஆளுங்க வந்தாங்களாம்.”

“ஏன் லேட்டு?” என்றார் அதிகாரி. வெள்ளைக்காரருக்காகக் காட்டிய மரியாதை அது.

“குடிச்சிக்கினு இருந்தாங்களாம். கடவுளு நல்லா இருக்கணும்னுதான் குடிச்சாங்களாம்.”

“சரி, அப்புறம்?”

“கடவுளுக்கு மனசு குளுந்துபோச்சாம். தனக்குன்னு ஒரு நல்ல எடமா ஒதுக்கி வச்சிருந்தாராம். அத எடுத்து இவங்களுக்குக் குடுத்துட்டாராம்.”

வக்தாங் இன்னும் ஒரு வாக்கியம் சொன்னார். ராஜமாணிக்கம் தயங்கினான்.

“இன்னா சொல்றாரு?”

“நீங்களும் உங்களுக்குன்னு ஒண்ணு ஒதுக்கி வச்சிருப்பீங்களாம் ஐயா. அதக் குடுத்துடச் சொல்றாரு.”

அதிகாரி வக்தாங்கைப் பார்த்தார். வக்தாங் கள்ளங்கபடமில்லாமல் சிரித்தார். அதிகாரிக்கு அந்தச் சிரிப்பு வேறு மாதிரி பட்டது. ஆள் ரஷ்யாக்காரர் வேறு. டெல்லியிலிருந்து எவனாவது சொல்லி அனுப்பியிருப்பானோ?

மனை வாங்கிய கூட்டத்திலிருந்து சடையப்பன் என்பவன் எட்டிப் பார்த்தான். “ஐயா, கெணத்துக்குப் பக்கத்துல மூலைல ஒரு மனைக்கு முளக்குச்சி அடிச்சிருக்குதே, அது யாருது?”

அது திருவள்ளூரில் மாடி வீட்டில் இருக்கிற, அதிகாரியின் மைத்துனருடையது. அந்த மைதானத்தில் அதிகாரியைத் தவிர ஒருவருக்கும் அது தெரியாது. அவர் கைக்குட்டையால் முகத்தைத் துடைத்தார். “அதுவா? அது கணக்குல உட்டுப்போச்சு” என்றபடி வரைபடத்தை மறுபடி விரித்தார். “கையெழுத்து போடுவியா, கைநாட்டா?”

ராஜமாணிக்கம் கையெழுத்துப் போட்டான். எழுத்து கோணலாக வந்தது.

நாலு குச்சிக்கு நடுவில் சாராள் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றாள். பிறகு, அந்த ஆள் அப்படி என்ன கதை சொன்னார் என்று கேட்டாள். ராஜமாணிக்கம் சொன்னான்.

“தனக்குன்னு வச்சிருந்ததயும் குடுத்துட்டா, கடவுளு எங்க போய் இருந்தாராம்?”

அவன் அதை வக்தாங்கிடம் கேட்டான். எங்கள் ஜனத்தில் இதுவரை யாரும் அதைக் கேட்டதில்லை என்றார் வக்தாங். முதல் தடவையாக அவருக்கு வெட்கமாக இருந்ததுபோல் தெரிந்தது.

சாராள் தன் மனையை ஒரு மூலையிலிருந்து மறு மூலை வரைக்கும் பார்த்தாள்.

“பாவம். வந்தார்னா இங்க ஒரு ஓரமா இருந்துக்கட்டும்னு சொல்லு.”

ராஜமாணிக்கம் அதை மொழிபெயர்க்கவில்லை. தன் செருப்பையும் கழற்றிவிட்டு அவள் பக்கத்தில் போய் நின்றான்.