எல்லை தாண்டாத திங்கட்கிழமை

கோர்ட்டுக்குப் போகாவிட்டால் வாய்தா போடுவார்கள் என்று முடிச்சூர் கங்கையம்மாளுக்கு யாரும் சொல்லித் தரவில்லை. ஊரே அப்படித்தான் நம்பிக்கொண்டிருந்தது. அவள் அண்ணனின் நிலத் தகராறுக்குப் பதினோரு வருடமாக வாய்தாவிலேயே வயசாகிக்கொண்டிருந்தது. அதனால் 1994 ஆடியில், மாநில நுகர்வோர் ஆணையத்தில் அவளுடைய அப்பீல் விசாரணைக்கு வந்த திங்கட்கிழமை, அவள் கவலையே படாமல் அம்மனுக்குக் கரகம் எடுத்தாள். மணிக்கட்டில் காப்புக் கட்டியாகிவிட்டது. அதை அவிழ்க்கும் வரை ஊர் எல்லையைத் தாண்டக் கூடாது.

பத்து நாளில் தபால் வந்தது. மேல்முறையீட்டாளர் ஆஜராகாததால் அப்பீல் தள்ளுபடி.

தள்ளுபடியானது அவள் வீட்டுத் தண்ணீர். அதே ஊர் சிட்டிபாபு, நூற்றிருபது அடிக்குப் போர் போடுவதாகப் பேசி, எழுபதிலேயே குழாயை இறக்கி மூடிவிட்டுப் போயிருந்தான். முந்தின வருடம் சித்திரையில் அது வறண்டது. கேட்டால், நூற்றிருபதும் போட்டேன் என்று செங்கல்பட்டு நுகர்வோர் மன்றத்தில் கூசாமல் சாதித்தான். ஆழத்துக்குச் சாட்சி இல்லை என்று அவர்களும் கையை விரித்துவிட்டார்கள். பிறகுதான் அவள் குழாய்க்குள் கல் கட்டிய கயிற்றை விட்டு அளந்து, ஒரு இன்ஜினியரிடம் எழுதி வாங்கிக்கொண்டு அப்பீலுக்குப் போனாள். அந்தத் தாளைப் பிரித்துக்கூடப் பார்க்காமல் கதவைச் சாத்திவிட்டார்களே என்று அவளுக்கு வயிறு எரிந்தது.

தாம்பரத்தில் மனு டைப் அடிக்கும் ஏசுதாசனிடம் தபாலை நீட்டினாள்.

"மறுபடியும் ஃபைல்ல எடுக்கச் சொல்லி மனு போடலாம்கா. ஏன் வரலைன்னு காரணம் காட்டணும். காய்ச்சல்னு போட்டுடறேன். சர்ட்டிபிகேட் நான் வாங்கித் தரேன்."

"எனக்கு இன்னா காய்ச்சல்? கல்லு மாதிரி கீறேன்."

"எல்லாரும் அதான் போடுவாங்க. சாமி, காப்புன்னு எழுதினா சிரிப்பாங்க."

"சிரிச்சா சிரிக்கட்டும். அம்மனுக்குக் கரகம் எடுத்துட்டு, அன்னிக்குப் படுத்துகினு இருந்தேன்னு எழுதினா என் வாய் வெந்துடும். வாய்தா போடுவாங்கன்னு நெனச்சது என் தப்புன்னும் சேர்த்து அடி."

"இது தேறாதுக்கா."

"தேறலைன்னா இன்னொரு மனு. உன் மெஷின்ல ரிப்பன் கீதுல்ல?"

ஏசுதாசன் தலையில் ஒரு தரம் அடித்துக்கொண்டு, பிறகு மெஷினில் அடித்தான்.

ஐப்பசி மழையில் நனைந்த புடவையோடு அவள் ஆணையத்துக்குப் போனபோது, சிட்டிபாபு சலவை வேட்டியில், வக்கீலோடு உட்கார்ந்திருந்தான். அவள் தோற்பதைக் கண்ணால் பார்க்க வந்திருந்தான் போலும். பெயரைக் கூப்பிட்டு முடிப்பதற்குள் கங்கையம்மாள் எழுந்து நின்றாள்.

வக்கீல் இப்படிப்பட்ட மனுக்களை நூறு பார்த்தவர். அதனாலேயே இதைப் படிக்கவில்லை. "காய்ச்சல் என்பது பொய் சார். அன்னிக்கு இந்த அம்மா கரகத்தோட தெருவுல ஆடிட்டிருந்தாங்க" என்று ஒரு போட்டோவை நீட்டினார்.

ஆணையத் தலைவர் மனுவைப் புரட்டினார். "காய்ச்சல்னு எங்க இருக்கு? கரகம்னுதான் அவங்களே எழுதியிருக்காங்க."

வக்கீல் சுதாரித்துக்கொண்டார். "காப்பு, எல்லை எல்லாம் வாய்ப்பேச்சு சார். இந்தக் காலத்துல யார் பார்க்கறாங்க? டிரெயின் ஏறினா ஒரு மணி நேரம்."

கங்கையம்மாள் போட்டோவை எட்டிப் பார்த்தாள். குரல் பதறவில்லை.

"ஐயா, அந்தப் படத்துல பம்பைக்காரருக்குப் பக்கத்துல நிக்கறவரு கையைப் பாருங்க. காப்பு கீதா? அது தோ, இவருதான். அன்னிக்கு இவரும் இங்க வரலை, வக்கீலை மட்டும் அனுப்புனாரு. ஏன் வரலைன்னு இவரையே கேளுங்க. அம்மன் பேரைச் சொல்லிக் கேளுங்க."

தலைவர் போட்டோவைப் பார்த்தார், சிட்டிபாபுவைப் பார்த்தார். போரில் ஐம்பது அடியை முழுங்கியவன்தான் அவன். ஆனால் அம்மன் விஷயத்தில் அரை அங்குலம் முழுங்க அவனுக்குத் தைரியம் கிடையாது.

"காப்புக் கட்டியிருந்தேங்க. எல்லை தாண்டக் கூடாதுங்க" என்றான், தரையைப் பார்த்து.

வக்கீல் போட்டோவைத் திரும்ப வாங்கிக்கொள்ள மறந்துவிட்டார்.

"வாய்தா தானா கிடைக்கும்னு இருந்தது தப்பும்மா. வர முடியலைன்னா முன்கூட்டியே எழுதிப் போடணும்" என்று தலைவர் கண்டித்தார். பிறகு அப்பீலை மறுபடியும் கோப்பில் எடுக்க உத்தரவிட்டு, விசாரணைக்கு டிசம்பர் பதினாலு என்று தேதி கொடுத்தார். கங்கையம்மாள் அவரைக் கையெடுத்துக் கும்பிட்டாள்.

படிக்கட்டில் சிட்டிபாபு அவளை வழிமறித்தான். "அக்கா, ஒரே ஊர்க்காரங்களுக்குள்ள எதுக்கு இந்தப் பேஜாரு? மீதி அம்பதடியை நானே போட்டுத் தரேன். கேஸை வாபஸ் வாங்கிக்க."

"இதை என் வூட்டு வாசல்ல வந்து சொல்லியிருந்தா காபி போட்டுக் குடுத்திருப்பேன்" என்றாள் அவள். "இப்பதான் வாயைத் தொறந்து மீதி அம்பதடின்னு ஒத்துக்கினே. அதை உள்ள வந்து சொல்லு. பதினாலாந்தேதி, பத்தரை மணி. நேரத்துக்கு வந்துடு, தம்பி. வரலைன்னா இன்னா ஆவும்னு எனக்கு நல்லாத் தெரியும்."