முடியாதக்காவும் மலையேறும் பீரோவும்

1

முதலில் உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை ஒரு கட்டத்துக்குள் அடங்காமல் வழிந்த மிச்சம்.

போன மாதம், டிவியோடு இணைக்கிற கேம் பெட்டியில் ஒரு விளையாட்டைத் தெரியாத்தனமாக வாங்கித் தொலைத்தேன். சோபாவில் கிடந்த ரிமோட்டின் மேல் உட்கார்ந்தேன், அவ்வளவுதான், பணம் போய்விட்டது. திருப்பிக் கேட்கப் போனால், 'காரணத்தைச் சுருக்கமாக எழுதவும்' என்று ஒரு கட்டம். நான் எழுதிப் பிழைக்கிற ஆள். சுருக்கமாக எழுதத் தெரிந்திருந்தால் வேறு பிழைப்புக்குப் போயிருப்பேன். உட்கார்ந்ததை எழுதினேன். உட்காரக் காரணமான முதுகுவலியை எழுதினேன். முதுகுவலிக்குக் காரணமான நாற்காலிக்கு வந்தபோது கட்டம் நிறைந்துவிட்டது. அதற்கு மேல் ஓர் எழுத்தும் ஏறமாட்டேன் என்றது.*

அப்போதுதான் தோன்றியது: இந்தக் கட்டத்துக்குள் அடங்காத காரணங்களோடு எத்தனை பேர் இருப்பார்கள்? அதில் ஒருத்தியைப் பிடித்து உட்காரவைத்து எழுதினால் என்ன?

* பணம் வந்ததா என்று கேட்பவர்களுக்கு: வந்தது. நாற்காலிதான் அப்படியே இருக்கிறது.

2

ஆரம்பம், முதல் முயற்சி: "மழை விட்ட மாலைப்பொழுதில், சன்னலோரம் அமர்ந்து தம்பியை நினைத்துக்கொண்டிருந்த அவள் கண்களில்—"

வேண்டாம். இவள் சன்னலோரம் உட்காருகிற ரகம் இல்லை. இவளுக்கு உட்காரவே நேரம் கிடையாது.

இரண்டாவது முயற்சி: "வாங்கியதைத் திருப்பிக் கொடுப்பது என்பது மனித நாகரிகத்தின்—"

எனக்கே கொட்டாவி வருகிறது.

மூன்றாவது: பெரிய துணிக்கடை. மூன்றாவது மாடியில் லிஃப்டுக்கும் கழிப்பறைக்கும் நடுவே, வேண்டுமென்றே யார் கண்ணிலும் படாதபடி ஒரு கவுண்டர். வாங்கிய துணி பிடிக்கவில்லை என்றால் கொண்டுவந்து கொடுக்கிற இடம். அங்கே நிற்கிறாள் நம் ஆள். காலரைப் புரட்டிப் பார்ப்பாள், அக்குளை மோந்து பார்ப்பாள். விலைச்சீட்டை உள்ளே மடித்துச் சொருகிக்கொண்டு ஒரு கல்யாணத்துக்கு உடுத்திவிட்டு, மறுநாள் "அளவு சரியில்லைங்க" என்று வருகிறவர்களை லிஃப்ட் கதவு திறக்கும்போதே அடையாளம் கண்டுவிடுவாள். அவர்கள் அழுதாலும் சரி, குதித்தாலும் சரி, பதில் ஒன்றுதான்: "முடியாதும்மா." கூட வேலை பார்க்கும் பெண்கள் அவளுக்கு வைத்த பெயர் முடியாதக்கா. நாமும் அக்கா என்றே சொல்லிக்கொள்வோம்.

3

அக்காவுக்கு ஒரு தம்பி. பத்து வயது இளையவன். அவளுக்குக் கல்யாணமான பிறகும் அவள் வீட்டிலேயே வளர்ந்தவன். வேலைக்கான நேர்முகத் தேர்வுக்கு அவன் வெளியூர் போயிருந்தபோது, அறையை ஒழுங்குபண்ணுகிறேன் பேர்வழி என்று அவனுடைய கேம் பெட்டியைத் தூக்கிப் பழைய சாமான் கடையில் போட்டுவிட்டாள். வந்த பணத்தில் அவனுக்கே இரண்டு முழுக்கைச் சட்டை எடுத்தாள். அந்தப் பெட்டிக்குள் அவன் பள்ளிக்கூட நாளிலிருந்து கட்டிக்கொண்டு வந்த ஓர் ஊர் இருந்தது. ரயில் நிலையம், இரண்டு பாலம், பெயர் வைத்த தெருக்கள். எல்லாம் போச்சு.

"பெட்டிதானேடா," என்றாள்.

வேலை கிடைத்ததும் அவன் வேறு ஊருக்குக் கிளம்பினான். சட்டை இரண்டையும் கட்டில்மேல் மடித்து வைத்துவிட்டுப் போனான். அன்றிலிருந்து அவள் கூப்பிட்டால் எடுப்பதில்லை.

[இங்கே ஒரு பத்தியை வெட்டினேன். அதில் அக்கா பழைய சாமான் கடைக்கு ஓடுகிறாள், பெட்டியைத் திருப்பிக் கேட்கிறாள். உள்ளே இருந்ததையெல்லாம் அழித்தாகிவிட்டது என்று சொல்லிவிட்டுக் கடைக்காரர் "முடியாதும்மா" என்கிறார். அளவெடுத்துத் தைத்த மாதிரி இருந்தது, அதனால்தான் வெட்டினேன். ஆனால் நான் வெட்டியதால் அவள் போகவில்லை என்று ஆகிவிடாது. போனாள். தம்பிக்கு அது தெரியாது.]

அக்காவின் வீட்டுக்காரர் கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பவர். நாள் முழுக்க அடுத்தவர் பிரேக்குக்குப் பயந்துவிட்டு வந்து, சாயங்காலம் தன்னுடைய கேம் பெட்டியில் கால்பந்து ஆடினால்தான் அவருக்கு மூச்சே வரும். மச்சானோடு அவருக்குப் பேச்சு உண்டு.

"என்ன சொல்றான்? சாப்பிடுறானா?"

"அதெல்லாம் நான் கேக்கல."

"பின்ன இவ்வளவு நேரம் என்னதான் பேசுனீங்க?"

"பீரோ பத்தி."

விஷயம் இதுதான். புதிதாக ஒரு விளையாட்டு வந்திருக்கிறது. இரண்டு பேர் சேர்ந்து ஒரு பீரோவை மலை உச்சிக்குத் தூக்கிக்கொண்டு போக வேண்டும். ஒருவர் முன்னால், ஒருவர் பின்னால். யார் கையை விட்டாலும் பீரோ உருண்டு கீழே போய்விடும்.

"அங்க புதுப் பெட்டி வாங்கியிருக்கான். கூட வர ஆள் இல்லியாம். அடிவாரத்துலயே நிக்கிறானாம். வாங்குங்க மாமா, வாங்குங்க மாமான்னு ஒரே நச்சரிப்பு. கால்பந்த விட்டுட்டு எவன் பீரோ தூக்குவான்?"

அக்கா அன்று சமையலறையில் ரொம்ப நேரம் பாத்திரத்தை உருட்டினாள். பிறகு வந்து, பெட்டிக்குள்ளேயே விளையாட்டு விற்கிற அந்தக் கடையின் விதிமுறைகளைப் படித்தாள். எல்லோரும் படிக்காமல் 'சம்மதம்' என்று அமுக்குகிற அந்த நீட்டு முழக்கத்தை, உலகத்திலேயே முழுதாகப் படித்த ஒரே ஆள் இவளாகத்தான் இருக்கும். விளையாடியது இரண்டு மணி நேரத்துக்குள் இருந்தால் விளையாட்டைத் திருப்பிக் கொடுத்துப் பணத்தை வாங்கிக்கொள்ளலாம்.

"அந்த விளையாட்ட வாங்கி உங்க பேர்ல உள்ள போறேன். மைக் ரிப்பேர்னு அவன்கிட்ட சொல்லிடுங்க. குரலக் கேட்டுட்டு, ஆள் நல்லா இருக்கானான்னு பாத்துட்டுத் திருப்பிக் குடுத்துடுறேன். சொந்தத் தம்பி குரலக் கேக்கக் காசு கட்டணுமா என்ன?"

"இது அந்த விலைச்சீட்ட உள்ள மடிச்சு சொருகுற கேஸ்தானே?" என்றார் அவர்.

அக்கா முறைத்தாள். (எனக்கும் இங்கே சந்தேகம் வந்தது. இப்படிப்பட்ட கறார் பேர்வழி இப்படிச் செய்வாளா என்று பேனாவை வைத்துவிட்டேன். ஆனால் தம்பி என்று வந்துவிட்டால் விதியாவது ஒன்றாவது.)

4

"மாமா, ஒருவழியா வந்துட்டீங்களா," என்றது டிவி.

அக்காவுக்குக் கையும் ஓடவில்லை காலும் ஓடவில்லை. அதே குரல், கொஞ்சம் சளி பிடித்த மாதிரி.

பேச முடியாதவர்களுக்கு அந்த விளையாட்டில் ஒரு விசில் பொத்தான் உண்டு. அக்கா அதைக் கண்டுபிடித்த நிமிடத்திலிருந்து மலையே அதிர்ந்தது. நில் என்றால் விசில். பார்த்து என்றால் விசில். அவன் பள்ளத்தில் கால் வைக்கப் போனால் மூச்சுவிடாமல் விசில். தம்பி சிரித்துக்கொண்டே இருந்தான். பாறையைச் சுற்றும்போது சொன்னான், தானே சமைக்கிறானாம், வாயில் வைக்க முடியவில்லையாம். உப்பு கடைசியில் போடுடா என்று சொல்ல வந்த நாக்கை அக்கா கடித்துக்கொண்டாள்.

பாதி மலை. ஒரு மேடு. தம்பி சாதாரணமாகக் கேட்பது மாதிரி கேட்டான்.

"மாமா, அக்கா எப்படி இருக்கா?"

அவள் கை நழுவியது. பீரோ தட்தட்டென்று உருண்டு, ஒரு பாலத்தை உடைத்துக்கொண்டு அடிவாரத்துக்குப் போய்ச் சேர்ந்தது.

"சரி விடுங்க, மறுபடி ஏறலாம்," என்றான். நடந்து இறங்கும்போது தனக்குத்தானே பேசுகிற மாதிரி தொடர்ந்தான். "மொதல்ல கோவத்துலதான் ஃபோன் எடுக்கல. அப்புறம் ரொம்ப நாள் ஆயிடுச்சா, இப்ப எடுக்கவே பயமா இருக்கு. எடுத்து என்னன்னு ஆரம்பிக்கிறது?"

அக்கா விசில் அடிக்கவில்லை. அழுதாள். நன்றாகவே அழுதாள்.

அதற்குள் ஷிஃப்ட்டுக்கு நேரமாகிவிட்டது. விளையாட்டை அப்படியே நிறுத்தி வைத்துவிட்டு வேலைக்கு ஓடினாள். அவள் தொழில் அவளுக்குக் கற்றுக்கொடுத்தது அது: ஹேங்கரில் தொங்குகிற சட்டையை யாரும் உடுத்தியதாகக் கணக்கில்லை. பெட்டிக்கு ஹேங்கரும் தெரியாது, சட்டையும் தெரியாது. விளையாட்டு திறந்திருந்தால் விளையாடியதாகத்தான் அர்த்தம் என்று அது பாட்டுக்கு நாள் முழுக்க ஓடியது. திரும்பி வந்து பார்த்தால் கணக்கு இரண்டு மணி நேரத்தை எப்போதோ தாண்டிவிட்டது.

5

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அக்கா விளையாட்டைத் திருப்பிக் கொடுக்கப் போனாள். பெட்டி 'முடியாது' என்றது. முடியாதக்காவிடமே.

சும்மா விடுவாளா? ஃபோனில் உதவி மையத்தின் உரையாடலைத் திறந்தாள். எதிர்முனையில் ஓர் உதவியாளர்.

"வருந்துகிறோம். விதிமுறைப்படி இது சாத்தியமில்லை."

"விதிய நீங்க எழுதல, எனக்குத் தெரியும். நானும் இதே வேலைதான் பாக்கறேன். கவுண்டர்ல."

"துணியா, பாத்திரமா?" என்று வந்தது.

"துணி."

"ஐயோ. துணி கஷ்டம்."

அப்புறம் இரண்டு பேரும் பேசியதை நான் முழுதாக எழுதினால் கதை வேறு பக்கம் போய்விடும். தொழிற்சங்கமே ஆரம்பித்துவிடுவார்கள் போலிருந்தது. கடைசியில் உதவியாளர், மேலதிகாரியிடம் கேட்டுவிட்டு வருகிறேன், கொஞ்சம் நேரமாகும் என்றார்.

இங்கே வாசகர் கேட்கலாம்: தம்பி அப்படிப் பேசிய பிறகும் இவளுக்கு எதற்குப் பணம்? பணத்துக்காக இல்லை. பயம். இன்னொரு தடவை உள்ளே போனால் மைக்கைத் திறக்க வேண்டியிருக்கும். திறந்தால் பேச வேண்டியிருக்கும். விளையாட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டால் கௌரவமாகத் தப்பிக்கலாம். குரல் கேட்டாயிற்று, ஆள் நன்றாக இருக்கிறான், வந்த வேலை முடிந்தது.

அந்த நேரம் பார்த்து டிவியில் தம்பியின் அழைப்பு வந்தது. 'மாமா, இன்னைக்கு உச்சிக்குப் போயிடலாமா?'

உதவியாளர் வருகிறவரைக்கும்தானே, என்று அக்கா ரிமோட்டை எடுத்தாள்.

6

இந்த இடத்தில் எனக்கு முடிவு ஓடவில்லை. எழுதிப் பார்த்த மூன்று முடிவுகளையும் மடித்துப் பையில் போட்டுக்கொண்டு, லிஃப்ட் ஏறி, மூன்றாவது மாடிக்கே போனேன். கவுண்டரில் அவள்தான் இருந்தாள்.

முதல் முடிவு: அக்கா பணத்தை வாங்கிக்கொள்கிறாள், பீரோ உருள்கிறது, தம்பி நிரந்தரமாகப் பிரிகிறான். அவள் காலரைப் புரட்டிப் பார்த்தாள்.

"யாரோ போட்டுட்டுக் குடுத்ததுங்க இது. முடியாது."

இரண்டாவது: உதவி மையத்தில் பேசியதே தம்பிதான் என்று தெரியவருகிறது. அதை அவள் பிரிக்கக்கூட இல்லை.

"எவ்வளவு பெரிய ஊரு. வேற ஆளே கெடைக்கலியா உங்களுக்கு?"

மூன்றாவது: இருவரும் உச்சியை அடைகிறார்கள், பீரோவைத் திறக்கிறார்கள், உள்ளே இரண்டு முழுக்கைச் சட்டை. எனக்கு இது ரொம்பப் பிடித்திருந்தது. எழுதும்போது என் கண்ணே கலங்கியது.

அவள் மோந்து பார்த்துவிட்டு மூக்கைச் சுளித்தாள். "சென்ட் அடிச்சிருக்கீங்க."

"அப்ப என்னதான் செய்யறது?" என்றேன்.

"நடந்தத எழுதுங்க. பின்னால ஆள் நிக்கிறாங்க, நகருங்க."

7

நடந்தது இது.

உச்சிக்குக் கொஞ்சம் கீழே ஒரு பாறை விளிம்பு. ஒரு ஆள் நிற்கிற அகலம்தான். முன்னால் தம்பி, பின்னால் அக்கா, நடுவே பீரோ. இரண்டு கட்டைவிரலும் அமுக்கிப் பிடித்தபடி இருந்தால்தான் பிடி நிற்கும். சோபாவின் கைப்பிடியில் இருந்த ஃபோன் ஒளிர்ந்தது.

'மகிழ்ச்சியான செய்தி. ஒரே ஒரு முறை விதிவிலக்கு அளிக்கிறோம். "சரி" என்று பதில் அனுப்பினால் பணம் திரும்ப வரும். விளையாட்டு அந்த நொடியே உங்கள் பெட்டியிலிருந்து நீங்கிவிடும். பதில் வராவிட்டால் உரையாடல் மூடப்படும்.'

அதன் கீழேயே இன்னொன்று: 'சீக்கிரம் சொல்லுங்கக்கா, மேலதிகாரி மனசு மாறிடுவாரு.'

ஒரு வார்த்தை. ஒரு கையை எடுத்தால் போதும். வீட்டுக்காரர் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். "நான் வேணா அனுப்பட்டுமா?" என்றார் தாழ்ந்த குரலில். அவள் பிடித்த பிடியை விடாமல் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

தம்பி நின்றான். அவன் நின்றதால் பீரோவும் நின்றது.

"மாமாவா இருந்தா இந்நேரம் நாலு தடவை கீழ போட்டிருப்பாரு," என்றான். "இப்படி விசிலும் அடிக்க மாட்டாரு."

டிவியில் காற்றுச் சத்தம் மட்டும்.

"கை வலிச்சாச் சொல்லுக்கா. நான் பிடிச்சுக்கறேன்."

ஃபோன் ஒளி மங்கியது. உரையாடல் மூடிக்கொண்டது. அது மூடியதை அவள் பார்க்கவே இல்லை. வீட்டுக்காரர் வந்து, அவள் கையைத் தொடாமல் எட்டி மைக் பொத்தானை மட்டும் அமுக்கிவிட்டு, இருமக்கூடப் பயந்துகொண்டு நகர்ந்து நின்றார்.

அக்கா வாயைத் திறந்தாள்.

"                                        "

இதற்குள் எதை எழுதினாலும் கதாசிரியன் எழுதியதாகத்தான் இருக்கிறது. பத்துத் தடவை எழுதி அழித்துவிட்டேன். நான் யாரோடும் பேச்சை நிறுத்தியவன் இல்லை. அதனால் எனக்கு இந்த வரி தெரியவில்லை. கூப்பிட்டால் எடுக்காத ஒருவர், அல்லது கூப்பிடவே பயப்படுகிற ஒருவர், உங்களுக்கு இருக்கலாம். இருந்தால் நீங்கள்தான் இதை எழுத வேண்டும். இந்தக் கட்டம் நிறையாது, எவ்வளவு வேண்டுமானாலும் எழுதலாம். தம்பி காத்துக்கொண்டிருக்கிறான்.